மறைமொழி வகுத்த மடத்தலைவர்

தண்டியலங்காரத்துச் சொல்லணியியலைப் படிப்பிக்கும்போது, மிறைக்கவிகளுள் ஒன்றாகிய காதைகரப்பு வந்தவுடன் மாணாக்கர் முகத்திலே ஒரு புதுக்களை தோன்றுவதைப் பல ஆண்டுகளாகக் கண்டு வருகின்றேன். செய்யுளொன்றை ஈற்றிலிருந்து ஓரெழுத்து இடைவிட்டுக் கூட்டிப் படிக்க, அதனுள்ளிருந்து வேறொரு செய்யுள் வெளிப்படும். வழி அறிந்தவனுக்குப் பாட்டு இரண்டு, அறியாதவனுக்கு ஒன்றே. இவ்வாறு மறைத்து எழுதுவதனாற் பயன் யாது என்று மாணாக்கன் ஒருவன் ஒருமுறை என்னை வினவினான். பயன் இருக்கட்டும், இதிலே பேராபத்தும் உண்டு என்று சொல்லி, அதற்குச் சான்றாக ஒருவருடைய சரித்திரத்தை அவனுக்குக் கூறினேன். அதனையே இங்கு சற்று விரித்து எழுதுகின்றேன்.

அவர் பெயர் யோகன்னஸ் திரித்தேமியஸ். ஜேர்மனி நாட்டிலே பிறந்து, இலத்தீன் மொழியிலே நூல்கள் பல இயற்றிய கத்தோலிக்கத் துறவி அவர். மறைமொழிக் கலையைப் பற்றி உலகத்தில் முதன்முதல் அச்சேறிய நூல் அவருடையதே. ஆயினும், அவர் பெயரைக் கேட்டவுடன் மக்கள் நினைவுக்கு வந்தது அவருடைய கல்வியன்று; பேய்களை ஏவல் கொண்டவர் என்னும் பழியே வந்தது. அப்பழியின் கடைசி வேர் அறுந்தது, அவர் இறந்து 480 ஆண்டுகள் கழிந்த பின்னரேயாம்.

மொசெல் என்னும் ஆற்றங்கரையிலே, திராட்சைத் தோட்டங்கள் சூழ்ந்த திரித்தன்ஹைம் என்ற சிற்றூரில், 1462ஆம் ஆண்டு பெப்ரவரி மாதம் 1ஆந் திகதி அவர் பிறந்தார். அவ்வூர்ப் பெயரே பின்னர் இலத்தீன் வடிவு பெற்று அவருக்குரிய பெயராயிற்று. அவர் கைக்குழந்தையாயிருந்தபோதே தந்தையார் இறந்துவிட்டார். சில ஆண்டுகளின் பின் தாயார் மறுமணஞ் செய்துகொண்டார். வந்த சிற்றப்பருக்குக் கல்வி என்றாலே வெறுப்பு. பையன் தோட்ட வேலை செய்யவேண்டுமேயன்றி எழுத்துக் கற்றல் ஆகாது என்பது அவர் கட்டளை. ஆதலின் அப்பிள்ளை, பகலெல்லாம் வேலை செய்து, இரவிலே அயல்வீட்டார் ஒருவரிடம் ஒளித்துச் சென்று எழுத்துக் கற்றது. மறைத்தல் என்பது அவருக்குக் கல்வியோடு கூடவே வந்த பழக்கம் எனலாம்.

தமது பதினைந்தாம் வயதிற் கண்ட கனவொன்றை அவரே பிற்காலத்தில் எழுதி வைத்தார். வெள்ளுடை தரித்த இளைஞன் ஒருவன் இரண்டு பலகைகளை ஏந்தி அவர்முன் தோன்றினான். ஒன்றிலே எழுத்துக்கள், மற்றதிலே ஓவியங்கள். விரும்பியதை எடுத்துக்கொள் என்று பணித்தான். இவர் எழுத்துப் பலகையை எடுத்துக்கொண்டார். கனவு மெய்யோ பொய்யோ, அத்தெரிவு மெய். அவருடைய வாழ்நாள் முழுவதும் எழுத்தினோடே கழிந்தது.

ஏறக்குறையப் பதினேழு வயதில் அவர் வீட்டைவிட்டு வெளியேறினார். திரியர் முதலிய நகரங்களில் அலைந்து, ஈற்றில் ஹைடல்பேர்க் நகரை அடைந்து, அங்குள்ள பேரறிஞர்களிடம் கற்றார். 1482ஆம் ஆண்டு தை மாதத்திலே, தோழன் ஒருவனோடு தமது ஊரை நோக்கி நடந்து செல்லுகையிற் கடும் பனிப்புயல் அவர்களை மறித்தது. ஒதுங்க இடந் தேடி, ஸ்பொன்ஹைம் என்னுமிடத்திலிருந்த பெனடிக்ற் சபைத் துறவியர் மடத்துக் கதவைத் தட்டினார்கள். பனி நின்றது, இவரோ அம்மடத்தை விட்டுப் போகவில்லை. அவ்வாண்டிலேயே துறவு பூண்டார். மறு ஆண்டு, 1483இல், இருபத்தொரு வயதேயான அவ்விளைஞரைத் துறவியர் தங்கள் மடத்தலைவராகத் தெரிந்தெடுத்தனர்.

அவர் கையேற்றபோது மடம் வறுமையும் ஒழுங்கீனமும் உற்றுக் கிடந்தது. மடத்திலிருந்த நூல்கள் ஐம்பது கூட இல்லை. திரித்தேமியஸ் சிதைந்த சுவர்களைக் கட்டுவித்தார். தளர்ந்த ஒழுக்கத்தை இறுக்கினார். எல்லாவற்றுக்கும் மேலாக நூல்களைத் தேடினார். மற்றை மடங்களில் மதிப்பாரற்றுக் கிடந்த சுவடிகளை விலைகொடுத்தும் மாற்றுக்கொடுத்தும் பெற்றார். துறவியரைக் கொண்டு இடையறாது பிரதி செய்வித்தார். 1505ஆம் ஆண்டளவில் அந்நூல்நிலையத்தில் ஏறத்தாழ 2000 நூல்கள் இருந்தன. கிரேக்கமும் எபிரேயமும் அங்கே இருந்தன. இதனைக் காண்பதற்கென்றே அறிஞர் பல நாடுகளிலிருந்தும் வந்து போயினர்.

அச்சுப்பொறி ஐரோப்பாவிற் பரவிக்கொண்டிருந்த காலம் அது. கையாற் பிரதிசெய்வோரைப் புகழ்ந்து 1492இல் ஒரு நூல் எழுதினார். தோலில் எழுதியது ஆயிரம் ஆண்டு நிற்கும், கடதாசியில் அச்சிட்டது இருநூறாண்டு நிற்பதும் அரிது என்பது அவர் வாதம். அந்நூலையே 1494இல் மைன்ஸ் நகரத்து அச்சுக்கூடத்தில் அச்சிடுவித்தார் என்பதை எண்ணும்போது நகை வருகின்றது. அதே ஆண்டிற் பாசெல் நகரில் வெளிவந்த அவருடைய மற்றொரு நூல், கிறித்தவ நூலாசிரியர் தொளாயிரவருக்கு மேற்பட்டோரையும் அவர்தம் நூல்களையும் கால முறைப்படி அடைவு செய்தது. நூல்களுக்கு அட்டவணை அமைக்குங் கலைக்கு அவரை முன்னோடியாகக் கொள்வதற்குக் காரணம் இந்நூலே.

இனி அவருக்குக் கேடு சூழ்ந்த கதையைச் சொல்லவேண்டும். 1499இல், கெந்து நகரத்துத் துறவியாகிய போஸ்தியுஸ் என்னும் நண்பருக்கு அவர் ஒரு கடிதம் எழுதினார். தாம் எழுதிக்கொண்டிருக்கும் புதுநூல் வெளிவரின் உலகமே வியக்கும் என்றும், ஒருவன் தன் கருத்தைத் தொலைவிலுள்ள நண்பனுக்குப் பிறர் அறியாவண்ணம் அறிவிக்கும் வழிகள் அதிலே உள்ளன என்றும், இலத்தீன் அறியாதவன் அதனைச் சில மணி நேரத்தில் எழுதக் கற்கலாம் என்றும் தற்பெருமை தோன்ற எழுதியிருந்தார். கடிதம் போய்ச் சேருமுன் நண்பர் இறந்துவிட்டார். மடத்திலிருந்த மற்றவர்கள் அதனைப் பிரித்துப் படித்தார்கள். படித்தவர்கள் பிரதி செய்து பலருக்குங் காட்டினார்கள். இரகசியத்தைக் காக்குங் கலையைப் பற்றிய கடிதம் இவ்வாறு ஊரம்பலமாயிற்று. மனிதரால் ஆகாதவற்றைச் சொல்கிறார், ஆதலின் இவருக்குத் துணை பேய்களே என்று பேச்சுக் கிளம்பிற்று.

அப்புதுநூலின் பெயர் ஸ்தெகனோகிராபியா. கிரேக்கச் சொற்களாலாகிய அப்பெயருக்கு மறைந்த எழுத்து என்பது பொருள். அந்நூலைப் புரட்டிப் பார்ப்பவனுக்குத் தெரிவன யாவை? திக்குத்தோறும் ஆட்சி செய்யுந் தேவதைகளின் பெயர்கள். அவற்றுக்கு ஏவல் செய்யுஞ் சிறு பூதங்களின் தொகைகள். அவற்றை அழைப்பதற்கென்று பொருள் விளங்காத மந்திரங்கள். ஒருவன் கடிதம் எழுதி, கிழக்கு நோக்கி நின்று, மந்திரத்தை உச்சரித்தால், பூதமானது செய்தியைக் கொண்டுபோய்ச் சேர்க்கும் என்ற பாவனையிலே நூல் நடக்கின்றது.

உண்மையில் அம்மந்திரமே மறைமொழி. அதன் தன்மையைத் தமிழிலே காட்ட நானே ஒரு மந்திரம் புனைந்து தருகின்றேன்: பாருகன் மகசதலவு சேமயோன் பூதினறம். இதனைக் கேட்பவன், யாதோ ஒரு பூதத்தைக் கூவுகின்றார் என்றே அஞ்சுவான். வாசகர்கள் முதலாஞ் சொல்லையும் மூன்றாஞ் சொல்லையும் விட்டுவிடுக. எஞ்சிய இரண்டு சொற்களிலும் ஓரெழுத்து விட்டு ஓரெழுத்தாக, இரண்டாவது, நான்காவது, ஆறாவது எழுத்துக்களைக் கூட்டிப் படிக்குக. கதவு திற என்ற சாதாரண வார்த்தை வெளிவரும். திரித்தேமியஸ் தமது மந்திரங்களுட் பலவற்றை அமைத்த முறை இதுவே. அவற்றினுள்ளே எந்த எழுத்தை எடுக்கவேண்டும் என்னும் விதிகளையே மறைத்து வைத்தார். பூதம் என்பது போர்வை, உள்ளிருப்பது இலக்கணம்.

இப்போர்வையை அவர் ஏன் தேர்ந்தெடுத்தார்? கயவர் கையில் இக்கலை அகப்பட்டால் ஒற்றுக்கும் சூழ்ச்சிக்கும் கருவியாகும் என்று அவர் அஞ்சினார். அச்சந் தருந் தோற்றம் தகுதியற்றவரை விலக்கும் என்று கருதினார். அவர் கணக்கிலே ஒரு பிழை நேர்ந்தது. தகுதியற்றவர் மட்டுமன்றித் தகுதியுடையாரும் அஞ்சினர்.

1504ஆம் ஆண்டளவிலே, போவில்லுஸ் என்னும் பிரெஞ்சு அறிஞர் ஸ்பொன்ஹைம் மடத்துக்கு விருந்தினராக வந்தார். திரித்தேமியஸ் தமது கைந்நூலை நம்பிக்கையோடு அவரிடங் கொடுத்தார். போவில்லுஸ் அதை ஏறக்குறைய இரண்டு மணி நேரம் புரட்டினார்; பூதங்களின் பெயர்களைக் கண்டு நடுங்கிக் கீழே போட்டார். அவ்விடத்தில் ஒன்றுஞ் சொல்லாதவர், சில ஆண்டுகளின் பின் வேறொருவருக்கு எழுதிய கடிதத்தில், மடத்தலைவர் பேய்களோடு உறவாடுபவர் என்றும் அந்நூல் எரிக்கத்தக்கது என்றும் எழுதினார். அக்கடிதம் அச்சாகிப் பரவிற்று. பல ஆண்டு உழைத்து எழுதிய நூல், இரண்டு மணி நேர வாசிப்பினாலே தீர்ப்புப் பெற்றது.

துன்பம் தனித்து வருவதில்லை. 1505இல் அவர் வெளியூர் சென்றிருந்த காலத்தில், அவருடைய கண்டிப்பை வெறுத்த துறவியர் அவருக்கு மாறாக எழுந்தனர். இருபத்திரண்டு ஆண்டுகளாகத் தேடிச் சேர்த்த நூல்களை விட்டு, அவர் 1506இற் பதவி துறந்தார். அதே ஆண்டு வூர்ஸ்பூர்க் நகரத்திலுள்ள யாக்கோபு மடத்துக்குத் தலைவரானார். அது மிகச் சில துறவியரே வாழ்ந்த சிறிய மடம். ஸ்பொன்ஹைமுக்கு அவர் திரும்பவேயில்லை.

பேய்வித்தைக்காரரென்று பழிக்கப்பட்ட அவர், உண்மையான மாயக்காரரை எவ்வாறு மதித்தார் என்பதும் அறியத்தக்கது. பிற்காலத்திற் பெருங்கவிகள் பாடிய பவுஸ்ற் என்பவனைப் பற்றி இன்று கிடைக்கும் மிகப் பழைய குறிப்பு, 1507இல் திரித்தேமியஸ் எழுதிய கடிதமே. அதில் அவனை வெறும் வாய்வீச்சாளனென்றும் எத்தனென்றும் கடிந்துரைத்தார். இளம் அறிஞராகிய அக்கிரிப்பா, மறைபொருள் பற்றிய தமது நூலை 1510இல் அவருக்கு அனுப்பியபோது, அதனைப் பாராட்டி, இத்தகையவற்றைத் தகுந்த நண்பருக்கன்றிப் பிறருக்குச் சொல்லாதே, மாட்டுக்கு வைக்கோலும் கிளிக்குச் சர்க்கரையுமே கொடுக்கவேண்டும் என்ற கருத்துப்பட அறிவுரை கூறினார். பட்டறிந்தவர் சொன்ன வார்த்தை அது.

தமது பெயரைத் துலக்க அவர் செய்த முயற்சி பொலிகிராபியா என்னும் நூல். பூதங்கள் எவையுமின்றி மறைமொழியை வெளிப்படையாகவே விளக்கும் அதனை 1508இல் எழுதி முடித்து, பேரரசர் மாக்சிமிலியனுக்கு உரிமையாக்கினார். அது அச்சில் வந்தது 1518இலே, ஆசிரியர் இறந்த பின்னர். அதன் முதற்பகுதியில் 384 நிரல்கள் உள்ளன. ஒவ்வொரு நிரலிலும் ஒவ்வோர் எழுத்துக்கும் ஒரு சொல். முதல் நிரலிலே ஓரெழுத்துக்கு இறைவன், மற்றோரெழுத்துக்குப் படைத்தோன். அடுத்த நிரலிலே கருணையுடைய, அன்புடைய என்றிவ்வாறு சொற்கள் அமைந்திருக்கும். செய்தியின் முதலெழுத்துக்கு முதல் நிரலிலிருந்தும், அடுத்ததற்கு அடுத்த நிரலிலிருந்தும் சொல்லை எடுத்து எழுதிக்கொண்டே போனால், முழுவதும் பக்தி ததும்புந் தோத்திரமாகவே நடக்கும். வழியிலே பறிப்பவன் அதனைக் கண்ணில் ஒற்றிக்கொண்டு திருப்பிக் கொடுப்பான். முன்னர்ப் பேய்வேடம் பூண்ட செய்தி இப்பொழுது அடியார்வேடம் பூண்டது.

ஐந்தாம் பகுதியிலே உள்ளது அதனிலுஞ் சிறந்தது. 24 எழுத்துக்களை ஒரு வரியில் எழுதி, அடுத்த வரியில் ஓரெழுத்துத் தள்ளித் தொடங்கி, இவ்வாறே 24 வரி நிரப்பிய சதுரம் அது. செய்தியின் முதலெழுத்து முதல் வரியிலும், இரண்டாவது இரண்டாம் வரியிலும், மூன்றாவது மூன்றாம் வரியிலுமாக மாற்றம் பெறும். நமது மெய்யெழுத்து வரிசையைக் கொண்டு இதனை விளக்கலாம். மாமா என்னுஞ் சொல்லில் முதல் மகரம் அப்படியே நிற்க, இரண்டாவது மகரம் ஓரிடம் தள்ளி யகரமாகும். மாமா என்பது மாயா ஆகும். கடல் என்பதிற் ககரம் நிற்க, டகரம் ஓரிடம் தள்ளி ணகரமாக, லகரம் ஈரிடம் தள்ளி ழகரமாக, கணழ் என்று வரும். ஒரே எழுத்து இடந்தோறும் வேறு வேறு வடிவெடுப்பதால், எந்த எழுத்து மிகுதியாக வருகின்றது என்று எண்ணிப் பார்த்துக் கண்டுபிடிக்கும் வழி அடைபட்டுப் போகின்றது. எழுத்துக்கு எழுத்து நிரலை மாற்றும் இம்முறையிலிருந்தே, பின்வந்த நூற்றாண்டுகளின் மறைமொழிகள் பல கிளைத்தன.

குணம் நாடிய நாம் குற்றமும் நாடவேண்டும். பொலிகிராபியாவின் ஈற்றுப் பகுதியிற் பல விசித்திர நெடுங்கணக்குக்களை அவர் தொகுத்துத் தந்தார். அவற்றுட் சிலவற்றைப் பண்டைப் பிராங்கியர் தம்முள் மறைவாக வழங்கிய எழுத்துக்கள் என்றார். பிராங்கியர் வரலாறு பற்றி 1515இல் வெளியிட்ட நூலிலே, ஹூனிபால்ட் என்னும் மிகப் பழைய சரித்திரகாரர் ஒருவரை ஆதாரமாகக் காட்டி, அக்குலத்தாரைத் துரோய் நகரத்து வீரரோடு தொடர்புபடுத்தினார். மூல ஏட்டைக் காட்டும்படி கேட்டபோது, அது ஸ்பொன்ஹைமில் இருந்தது என்றார். அங்கே தேடியும் அகப்படவில்லை. அப்படி ஒரு சரித்திரகாரர் இருந்ததேயில்லை, திரித்தேமியஸின் கற்பனையிற் பிறந்தவரே அவர் என்பது ஆராய்ச்சியாளர் துணிபு. இல்லாத பழைமையை உண்டென்று எழுதுவது கல்விக்குச் செய்யுந் துரோகம். பழைய ஏட்டை நம்பி வாழும் என்போன்றவர்க்கு இதனை மன்னிப்பது எளிதன்று. உண்மையைப் பொய்த்தோற்றத்துள் மறைத்த கையே, பொய்யை உண்மைத்தோற்றத்துடன் உலாவவும் விட்டது. தமது சொல்லை உலகம் நம்பவேண்டிய வேளையில் நம்பாமற் போனமைக்கு, அவர் பங்கும் சிறிது உண்டு.

1516ஆம் ஆண்டு டிசெம்பர் மாதம் 13ஆந் திகதி அவர் வூர்ஸ்பூர்க்கில் இறந்தார். பழி இறக்கவில்லை. பேரரசருடைய இறந்த மனைவியை மந்திரத்தால் எழுப்பிக் காட்டினார் என்றெல்லாம் கதை வளர்ந்தது. ஸ்தெகனோகிராபியா கைப்பிரதியாகவே உலாவி, 1606இற் பிராங்போர்ட் நகரில் அச்சாயிற்று. அதனோடு வெளிவந்த திறவுகோல், முதலிரண்டு பகுதிகளும் மறைமொழியே என்பதைக் காட்டிற்று. அவ்வாறாகவும், 1609இல் அந்நூல் திருச்சபையின் விலக்கப்பட்ட நூல்களின் அட்டவணையிலே சேர்க்கப்பட்டது.

மூன்றாம் பகுதி மட்டும் எவருக்கும் பிடிகொடுக்கவில்லை. அது முற்றுப்பெறாதது, கிரகங்களும், அவற்றை ஆளுந் தேவதைகளும், நிரல் நிரலாக எண்களும் நிறைந்தது. 1676இல் ஹைடல் என்னும் அறிஞர் அதன் மறைவைக் கண்டுபிடித்ததாகச் சொல்லி, தாங் கண்ட விடையையும் ஒரு மறைமொழியிலேயே எழுதி வெளியிட்டார்! அதனைப் படிப்பாரும் இல்லை, நம்புவாரும் இல்லை. இருபதாம் நூற்றாண்டின் அறிஞர் வோக்கர் 1958இல் எழுதிய நூலிலும், இம்மூன்றாம் பகுதி மெய்யாகவே பேய்வித்தை என்றே கருதப்பட்டது.

ஈற்றில், அமெரிக்காவில் ஜேர்மன் மொழி கற்பித்த தோமஸ் ஏர்ன்ஸ்ற் என்னும் ஆசிரியர், அவ்வெண்களைப் பொறுமையோடு ஆராய்ந்து, தாங் கண்ட முடிவை 1996இல் வெளியிட்டார். அவரை அறியாமலே ஜிம் றீட்ஸ் என்னுங் கணித அறிஞரும் அதே முடிவை அடைந்து 1998இல் எழுதினார். எண்கள் இருபத்தைந்து இருபத்தைந்தாகப் பிரிந்தன. நெடுங்கணக்கு தலைகீழாக அவற்றில் ஏற்றப்பட்டிருந்தது. அவ்வளவே. ஹைடல் கண்ட விடையும் சரியானதே என்பதும் அப்பொழுதே தெரிந்தது. எண்களுள் ஒளிந்திருந்தவை யாவை? எழுத்துக்கள் பலவும் வருமாறு அமைத்த பயிற்சி வாக்கியமொன்று, இக்கடிதங் கொணர்பவன் கள்வன், அவனிடம் எச்சரிக்கையாயிரு என்னும் பொருள்பட்ட செய்தியொன்று, இவைபோன்றவையே. ஒரு வாத்தியார் கரும்பலகையில் எழுதும் உதாரணங்களைப் பேயின் வாக்கென்று அஞ்சி, ஐரோப்பா 500 ஆண்டு கழித்தது.

போவில்லுஸை ஏளனஞ் செய்து இக்கட்டுரையை முடிக்க எனக்கு உரிமையில்லை. நான் ஆசிரியத் தொழிலுக்கு வந்த புதிதில், முதியவர் ஒருவர் தமது பாட்டனார் வைத்திருந்த ஏட்டுக்கட்டொன்றைக் கொணர்ந்து, பார்த்துச் சொல்லும்படி வேண்டினார். நாலைந்து ஏடுகளைப் புரட்டினேன். சிவனைச் சட்டியிலிட்டுச் சத்தியோடு கூட்டி எரிக்குமாறு ஓரிடத்தில் எழுதியிருந்தது. எனக்குக் கோபம் பொங்கிற்று. இது ஏதோ துர்மந்திரம், வீட்டில் வைத்திருத்தல் நன்றன்று என்று சொல்லிக் கட்டிக் கொடுத்துவிட்டேன். பல ஆண்டுகளின் பின் சித்தவைத்திய நூல்களைப் பார்க்க நேர்ந்தபோதுதான், இரசத்தைச் சிவன் என்றும் கந்தகத்தைச் சத்தி என்றும் வைத்தியர் குழூஉக்குறியால் வழங்குவர் என்பதை அறிந்தேன். அன்று நான் பார்த்தது மருந்து செய்முறை. உடனே தேடிப் போனேன். முதியவர் காலமாகிவிட்டார். பண்டிதர் சொல்லிவிட்டாரே என்று, வீட்டார் அக்கட்டைக் கடலிலே விட்டுவிட்டார்களாம். போவில்லுஸ் இரண்டு மணி நேரமாவது பார்த்தார். நான் அரை மணி நேரமும் பார்க்கவில்லை.

திரித்தேமியஸின் நூல் அச்சேறியதால் தப்பியது; விளங்காததை விளங்கும்வரை வைத்திருந்து பார்க்கப் பொறுமையுள்ள இருவர் பின்னாளில் அதற்குக் கிடைத்தார்கள். காதைகரப்பின் பயன் யாது என்று கேட்ட மாணாக்கனுக்கு அன்று நான் இவ்விரண்டு கதைகளையுஞ் சொன்னேன். சற்று நேரம் மௌனமாயிருந்து, தன் வீட்டுப் பரணிலும் ஏடுகள் சில கிடக்கின்றன, கொண்டு வரட்டுமா என்று கேட்டான். கொண்டு வரச் சொல்லியிருக்கின்றேன்.